நாசூக்கு வீட்டுச் சாதனம்

தோளில் துண்டு, கையில் சோப்புப் பெட்டி, முகத்தில் குளிக்கப் போகிறவரின் அவசரம். காலையில் அவர் குளியலறைக் கதவைத் திறக்கும்போது பார்க்கிற எவரும் வேறு எதையும் நினைத்துவிட முடியாது. உள்ளே போய்த் தாழ் போட்டதும் முதலில் குழாயைத் திறந்து, காலி வாளியில் தண்ணீர் தடதடவென்று விழும்படி வைப்பார். பிறகு ஒரு இருமல். மற்றதெல்லாம் அதற்கும் பிறகுதான். சற்று நேரத்தில் துண்டு நனையாமல் வெளியே வருவார். தேநீர் குடித்துவிட்டு, அதே துண்டும் அதே சோப்புப் பெட்டியுமாக மறுபடி உள்ளே போய் நிஜமாகவே குளிப்பார். ஆக, ஊரறிய அந்த வீட்டில் ஒரு மனிதர் தினமும் இரண்டு தடவை குளிக்கிறார். வேறெதற்கும் அவர் உள்ளே போவதே இல்லை.

இதில் வீட்டின் குற்றமும் உண்டு. மூன்றாம் மாடியில் இருக்கும் அந்த வீட்டைக் கட்டியவனுக்கு வெட்கம் என்பதே கிடையாது என்பது அவர் கட்சி. இருப்பதே ஒரு குளியலறை. அதன் கதவோ கூடத்து சோபாவை நேருக்கு நேர் பார்த்துக்கொண்டு நிற்கிறது. உள்ளே சோப்பு கைநழுவினால் சோபாவில் இருப்பவர் குனிந்து தேடுவார், அவ்வளவு தெளிவாகக் கேட்கும். அவரால் முடிந்தது, அந்தக் கதவில் ஒரு நாட்காட்டியையும் சாவி மாட்டும் பலகையையும் ஆணியடித்து மாட்டி, அதை அலமாரிக் கதவு போல ஆக்கியதுதான். ஒருமுறை வந்த விருந்தாளி அவசரத்தில் வீடு முழுக்கக் கண்ணால் துழாவிவிட்டு, பேருந்து நிலையம் வரை பொறுத்துக்கொண்டு போனார். கேட்க அவருக்குக் கூச்சம், காட்ட இவருக்குக் கூச்சம்.

அலுவலகத்தில் அவருக்குப் பெயர் நாசூக்கு. பெற்றோர் வைத்த பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும் இருக்கிறது. ஒரு நாளிதழில் மரண அறிவித்தல் வாங்கும் ஜன்னலுக்குப் பின்னால் பல வருஷமாக உட்கார்ந்திருக்கிறார். கசங்கிய சட்டையும் தூங்காத கண்ணுமாக வருகிறவர்கள், "எங்கப்பா செத்துட்டார் சார், பேப்பர்ல போடணும்" என்பார்கள். அந்தச் சொல் அவர் காதில் மணல் போல விழும். "காலமானார்னு போடுவோமா, இயற்கை எய்தினார்னு போடுவோமா?" என்று குரலைத் தாழ்த்திக் கேட்பார். சொத்துச் சண்டையில் ரத்தக் கொதிப்பேறிப் போனவர் ஒருவர், இவர் கை பட்டதும் 'குடும்ப விவகாரங்களில் இறுதிவரை ஈடுபாடு காட்டியவர்' ஆனார். விருந்தில் மூக்கு முட்டச் சாப்பிட்டுவிட்டு எழுந்திருக்காமலே போனவர் 'உற்றார் உறவினர் புடைசூழ, மகிழ்ச்சியான சூழலில்' மறைந்தார். செத்தவர்களே படித்துப் பார்த்தாலும் கொஞ்சம் நிமிர்ந்து உட்காரும்படி எழுதுவார்.

அவருக்கு வாய்த்த மனைவி மருத்துவமனை லேபில் வேலை செய்பவர். மலம், சிறுநீர், சளி மூன்றும் அந்த அம்மாள் வாயில் உப்பு, சர்க்கரை, பால் மாதிரி புழங்கும். சாப்பாட்டு மேசையில்தான் அன்றைய செய்திகள் வரும்.

"இன்னிக்கு ஒருத்தர் சாம்பிள் கொண்டாந்தார் பாருங்க, டப்பா முழுக்க. ஒரு ஸ்பூன் போதும்னு எழுதியே ஒட்டியிருக்கோம்."

நாசூக்கு வாயில் போட்ட கவளத்தை மெல்லாமல் சுவரைப் பார்ப்பார். "சாப்பிடற நேரத்துல..."

"சாப்பிட்டாத்தானே அது."

தொலைபேசியில் யாராவது அவரைக் கேட்டால், "கக்கூஸ்ல இருக்கார், வந்ததும் பேசச் சொல்றேன்" என்று அந்த அம்மாள் பளிச்சென்று சொல்வது, உள்ளே தண்ணீர்ச் சத்தத்தையும் மீறி அவர் காதில் விழும். அன்று முழுக்க அந்த நண்பருக்குத் திருப்பிக் கூப்பிட மாட்டார்.

இப்படி இருந்த குடும்பத்தில், லேபின் ஈரத் தரையில் மனைவி வழுக்கி விழுந்து இடது கையை ஒடித்துக்கொண்டார். முழங்கைக்கு மேலிருந்து விரல் நுனி வரை மாவுக்கட்டு. வலது தோளோ ஏற்கெனவே இறுகிப்போன தோள். முன்னால் எங்கு வேண்டுமானாலும் போகும், பின்னால் மட்டும் போகாது. சோறு அள்ளிச் சாப்பிடலாம், தலை கூடச் சுமாராக வாரிக்கொள்ளலாம். ஒரே ஒரு காரியத்துக்கு மட்டும் இன்னொருவர் கை வேண்டியிருந்தது.

"அவங்க அக்கா வந்து பார்த்துக்கறாங்க" என்று மாடிப்படியில் விசாரித்தவர்களுக்கெல்லாம் நாசூக்கு சொன்னார். அக்கா இருந்தது ரயிலேறிப் போகிற தூரத்தில். கட்டுப் போட்ட மறுநாள் கணவரோடு வந்து, பழம் கொடுத்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு, மாலையே திரும்பிவிட்டார். பார்த்துக்கொண்டது நாசூக்குதான்.

மனைவி உள்ளேயிருந்து குரல் கொடுப்பார். இவர் சட்டைக் கையைச் சுருட்டிக்கொண்டு போவார். பார்வையை மேலே காற்றுப்போக்கியின் கண்ணாடிப் பட்டையில் நிறுத்திக்கொண்டு, ஒரு கையால் தண்ணீர் ஊற்றி, மறு கையால் வேலையைச் சுத்தமாக முடிப்பார். வாய் சும்மா இருந்தால் பேச்சு வந்துவிடுமே என்று, மறுநாள் வரவேண்டிய அறிவித்தல்களை முணுமுணுத்துக்கொண்டே செய்வார்.

"அன்னாரின் பூதவுடல் இன்று மாலை வரை பார்வைக்கு..."

"ஏங்க, வேற ஏதாவது சொல்லுங்களேன்."

"வேற எதுவும் மனப்பாடம் இல்லையே."

ஒரு நாளும் முகம் சுளித்ததில்லை. ஆனால் கதவுக்கு வெளியே கால் வைத்ததும், இருவரும் இப்போதுதான் சந்தித்துக்கொண்டவர்கள் மாதிரி, "டீ போடட்டுமா?" என்பார். அதைப் பற்றி அந்த வீட்டில் ஒரு பேச்சும் இருந்ததில்லை. லேப் அம்மாள் கூட, எதையும் போட்டு உடைக்கிறவர், அதை மட்டும் சாப்பாட்டு மேசைக்குக் கொண்டு வரவில்லை.

கட்டுப் பிரித்த பிறகும் மணிக்கட்டு மடங்கவில்லை. பழைய நிலைக்கு வர மாதக்கணக்கு ஆகும் என்றார் மருத்துவர். மருத்துவமனையின் புதிய வார்டில் மாட்டியிருந்த ஒரு பொருளை மனைவி பார்த்து, நர்ஸிடம் விசாரித்து, கடையில் சொல்லி வரவழைக்க ஏற்பாடும் செய்துவிட்டார். காலையில் சாப்பிடும்போது விஷயத்தைச் சொன்னார்.

"கமோடு மேல மாட்டற சீட்டுங்க. கரண்ட்ல ஓடுது. பட்டனை அமுக்கினா அதுவே கழுவி, அதுவே காய வெச்சு விட்டுடும்."

"எதை?" என்று கேட்ட பிறகுதான், கேட்டிருக்கக் கூடாது என்று அவருக்கு உறைத்தது. மனைவி பதில் சொன்னார். லேப் பாஷையிலேயே சொன்னார்.

"கரண்டும் தண்ணியும் ஒண்ணா இருக்கற எடத்துல மனுஷன் உட்கார்றதா?"

"ஹீட்டர்ல குளிக்கறீங்களே."

"அது சுவத்துல இருக்கு. இது..." என்று ஆரம்பித்து, இது எங்கே இருக்கிறது என்று சொல்ல முடியாமல் நிறுத்திக்கொண்டார்.

சாவுக்கு அவர் பயப்படுகிறவர் இல்லை. தினமும் அதோடுதான் பிழைப்பு. சாவு வருகிற இடம்தான் பயமுறுத்தியது. அன்று முழுக்க ஜன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்து தன் அறிவித்தலைத் தானே எழுதிப் பார்த்தார். 'இயற்கை உபாதைக்காகச் சென்ற இடத்தில் இயற்கை எய்தினார்.' அடித்தார். 'அமர்ந்த நிலையிலேயே' என்று மாற்றினார். யாரோ பெரிய துறவி மாதிரி வந்தது. 'எதிர்பாராத மின் விபத்தில்' என்றால் ஜனம் எங்கே, எப்படி என்று கேட்கும். கேட்காமல் விடாது.

"அப்படி ஒண்ணு ஆச்சுன்னா பேப்பர்ல என்னன்னு போடுவே?" என்று மாலையில் மனைவியைக் கேட்டார்.

"நான் எதுக்குப் போடறேன்? உங்க ஆபீஸ்ல போட்டுக்கட்டும்."

"ஆபீஸ்ல என்னை விட்டா யாருக்கும் அதைப் பதமா எழுத வராது."

மனைவி தட்டைத் தள்ளி வைத்தார். "எத்தனை நாளைக்குத்தான் உங்களையே கூப்பிட்டுட்டு இருக்கறது?"

"நான் ஏதாவது சொன்னேனா?"

"நீங்க எப்பத்தான் எதைச் சொல்லியிருக்கீங்க."



பெட்டி வந்தது. கொண்டுவந்தவர் மாடியேறச் சோம்பி, கீழ் வீட்டு வாசலில் வைத்துவிட்டுப் போயிருந்தார். பெட்டியின் நாலு பக்கமும் சீட்டின் படம். அதில் தண்ணீர் எந்தத் திசையில் பீச்சும் என்று நீல அம்புக்குறி வேறு. எந்தப் பக்கத்தை மார்போடு அணைத்தாலும் மற்ற மூன்றும் ஊரைப் பார்த்துச் சிரித்தன. நாசூக்கு மேலே ஓடிப்போய் ஒரு வெள்ளைப் போர்வையைக் கொண்டுவந்து சுற்றித் தூக்கினார். மரண அறிவித்தல்காரர் வெள்ளைத் துணி சுற்றிய ஒன்றை மார்போடு அணைத்து மெல்ல மெல்லப் படியேறுவதைப் பார்த்த கீழ் வீட்டு அம்மாள், செருப்பைக் கழற்றிவிட்டு ஓரமாக நின்றார்.

"யாருங்க?" என்றார், தழுதழுத்து.

"யாரும் இல்லம்மா. பொருள்."

அதை எந்தப் பெயரால் அழைப்பது என்பது அடுத்த தலைவலி. மனைவி 'கழுவுற சீட்' என்பார். இவர் சில நாள் 'அந்தச் சாதனம்' என்று ஓட்டினார். பிறகு 'ஆசனம்' என்ற சொல் கிடைத்தது; ராஜாக்கள் உட்கார்ந்த சொல். அலுவலகத்தில், "வீட்டுக்கு ஒரு ஆசனம் வாங்கியிருக்கோம்" என்று கூடச் சொல்லிப் பார்த்தார். "யோகாவா?" என்றார் பக்கத்து மேசைக்காரர். "ஏறக்குறைய" என்றார் இவர். சந்தோஷம் அன்று மாலை வரைதான் நீடித்தது.

"ஆசனமா?" என்று மனைவி சிரித்தார். "லேப்ல ஆசனவாய்னு எழுதறோமே, அது எதைன்னு தெரியும்ல?"

மறுபடி 'அந்தச் சாதனம்' ஆயிற்று.

மாட்ட வந்த ஆள் வருஷக்கணக்காகத் துளைபோடும் மெஷினோடு குடித்தனம் நடத்திக் காது மந்தமானவர். மெல்லப் பேசுவது என்றால் என்னவென்றே மறந்தவர். நுழைந்ததும், "வீட்ல எத்தன பேர் சார் போவீங்க?" என்றார்.

"எங்க?"

"கக்கூஸ் சார்."

மாடிப்படி முழுக்க எதிரொலித்தது. நாசூக்கு ஒவ்வொரு ஜன்னலாக ஓடி ஓடிச் சாத்தினார். "சாத்தாதீங்க சார், வேர்க்குது" என்று அந்த ஆள் ஒவ்வொன்றாகத் திறந்தார். பழைய சீட்டின் துருப்பிடித்த மரைகளோடு மல்லுக்கட்டி, ஃப்ளஷ் தொட்டிக்குப் போகும் குழாயில் ஒரு கிளை வைத்து, சுவிட்ச் பலகையிலிருந்து புதிதாக ஒரு லைன் இழுத்தார். நாசூக்கு விடாமல் பின்னாலேயே நின்றார்.

"தண்ணி பட்டா ஒண்ணும் ஆகாதே?"

"தண்ணி படத்தானே சார் வாங்கியிருக்கீங்க."

"இல்ல, கரண்ட் கிரண்ட் அடிச்சா?"

"அடிக்காது சார். உடனே ட்ரிப் ஆயிடும்."

"யாரு?"

"சுவிட்ச் சார்."

எல்லாம் முடிந்ததும் சோதித்துப் பார்க்க வேண்டும். ஆள் உட்கார்ந்தால்தான் வேலை செய்யும், அதில் சென்சார் இருக்கிறது, "வாங்க சார், உட்காருங்க" என்றார் அந்த ஆள். உடுத்திய வேட்டியோடு, ஒரு அந்நியர் எதிரில், கதவு திறந்திருக்க, அங்கே உட்கார்வதைவிட நாசூக்கு வேலையை ராஜினாமா செய்துவிடுவார். மனைவிதான் போய் உட்கார்ந்தார். புடவையோடு, கட்டுப் பிரித்த கையை மடியில் வைத்துக்கொண்டு, பேருந்து ஜன்னலோரத்தில் இடம் கிடைத்தவர் போலச் சாவகாசமாக. அந்த ஆள், புடவை நனையாதபடி சீட்டின் மேல் விரித்த பிளாஸ்டிக் தாளைப் பிடித்துக்கொண்டு, "முன்பக்கம் அமுக்குங்கம்மா. இப்பப் பின்பக்கம். வேகம் போதுமா, கூட்டட்டுமா?" என்று தெருவுக்கே கேட்கும்படி பாடம் நடத்தினார். நாசூக்கு சமையலறைக்குப் போய் மிக்ஸியைப் போட்டார். அதில் ஒன்றும் இல்லை. காலி மிக்ஸி ஓடியது.

மனைவி அன்றிலிருந்தே அதை உபயோகிக்கத் தொடங்கினார். நாசூக்கு தொடவில்லை. விடிந்தும் விடியாமலும் கிளம்பி, அலுவலகத்துக்கே போய்விடுவார். அவரது கடமையுணர்ச்சியைப் பற்றிக் காவலாளி ஆசிரியர் வரைக்கும் சொன்னதாகக் கேள்வி. அலுவலகம் தொடர்ந்தாற்போல் விடுமுறை விட்டபோதுதான் வசமாக மாட்டிக்கொண்டார்.

காலில் ரப்பர் செருப்பு போட்டுக்கொண்டார். மனைவியை மெயின் சுவிட்சுக்கு அருகில் நிற்கச் சொன்னார்.

"கத்துங்க, ஆஃப் பண்றேன்."

"நான் கத்தமாட்டேன்."

"அப்ப எனக்கு எப்படித் தெரியும்?"

"இருமறேன்."

"தினமும்தான் இருமறீங்க."

உள்ளே போய் உட்கார்ந்தார். சீட் வெதுவெதுப்பாக இருந்தது; யாரோ இப்போதுதான் எழுந்து போனது போலிருந்ததில் ஒரு கணம் திகில். சுவரில் மாட்டியிருந்த பொத்தான் பலகையில் எழுத்தில்லை, படங்கள்தான். கண்ணை மூடிக்கொண்டு ஒன்றை அமுக்கினார். சலசலவென்று தண்ணீர் ஓடும் ஓசை எழுந்தது. குழாய் வெடித்துவிட்டது என்று பாதி எழுந்தார். தரையில் ஒரு சொட்டு இல்லை. வாளி காலி. வெறும் ஓசை. ஒரு சின்ன ஒலிபெருக்கியிலிருந்து, கூழாங்கல் மேல் ஓடுகிற ஓடையின் ஓசை.

"குழாயை மூடுங்க, தொட்டி காலியாயிடும்" என்றார் வெளியிலிருந்து மனைவி.

அவருக்கு அப்போதுதான் புரிந்தது. அந்தப் பொத்தானுக்கு வேறு எந்த வேலையும் கிடையாது. உள்ளே இருப்பவரின் சத்தம் வெளியே கேட்கக் கூடாது, அவ்வளவுதான். எங்கோ ஒரு தேசத்தில், படித்துப் பட்டம் வாங்கிய பொறியாளர்கள் மேசையைச் சுற்றி உட்கார்ந்து, மானமுள்ள மனிதன் ஒருவன் தாழ் போட்ட பிறகு கூடத்தில் இருப்பவர்களுக்கு என்ன கேட்க வேண்டும் என்று மண்டையை உடைத்துக்கொண்டிருக்கிறார்கள். இத்தனை காலம் தான் ஒருவன்தான் இப்படி என்று நினைத்திருந்தார். கண் கலங்கிற்று. அதற்குப் பின் மற்ற பொத்தான்களை அவர் பயமில்லாமல் அமுக்கினார்.

வெளியே வந்தபோது மனைவி இன்னும் சுவிட்சடியில் நின்றுகொண்டிருந்தார்.

"எப்படி இருந்துச்சு?"

"பரவால்ல."

"இருமவே இல்லையே."

"தேவைப்படல."

சில நாளில் நிலைமை தலைகீழானது. குளிர் காலையில் சீட்டின் சூட்டை எந்த அளவில் வைப்பது என்பதில் அவர் நிபுணரானார். மெல்லிய துணியால் அதைத் துடைத்து வைப்பார். ஓடை ஓசையை நாளெல்லாம் ஓடவிட்டு நாளிதழ் படித்து முடித்தார். வெளியே மனைவி கதவைத் தட்டுவார்: "எனக்கு வாங்கினதுங்க அது." அலுவலகத்தில், "வீட்ல ஒரு சின்ன வசதி பண்ணிக்கிட்டோம்" என்பார். என்ன வசதி என்று கேட்டால், "மன அமைதிக்கு" என்று முடித்துக்கொள்வார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், மனைவியின் அக்காவும் அவர் கணவரும் கை எப்படி இருக்கிறது என்று பார்க்க வந்தார்கள். படியேறும்போதே கீழ் வீட்டு அம்மாள் அக்காவின் இரு கையையும் பிடித்துக்கொண்டு, "தினமும் வந்து தங்கச்சியைப் பார்த்துக்கிட்ட அக்கா நீங்கதானா? இந்தக் காலத்துல யாருக்கு வரும்" என்று நெகிழ்ந்திருக்கிறார். அக்கா குழப்பத்தோடு சோபாவில் வந்து உட்கார்ந்தார்.

"நான் எங்கங்க தினமும் வந்தேன்?" என்று நாசூக்கைக் கேட்டார்.

"பொதுவாச் சொல்றாங்க. பாசத்தைச் சொல்றாங்க" என்றார் இவர், தட்டில் பிஸ்கட்டை அடுக்கியபடி.

சகலைக்கு மரணப் பக்கத்தில் ஆர்வம் அதிகம். யார் யார் போனார்கள் என்று ஒவ்வொருவராக விசாரித்துக்கொண்டிருந்தார். மனைவி எழுந்து உள்ளே போனார். நாட்காட்டிக் கதவு மூடிக்கொண்டது. ஓடை ஓடத் தொடங்கியது. "எங்கயோ மழை பெய்யுது போல" என்றார் சகலை. நாசூக்கு பெருமையை அடக்கிக்கொண்டு தலையாட்டினார்.

மின்விசிறி மெல்லச் சுழன்று நின்றது. குளிர்பெட்டியின் உறுமல் அடங்கிற்று. ஓடையும் பாதிச் சலசலப்பில் அறுந்தது. அந்த வீட்டில் அவ்வளவு அமைதி எப்போதுமே இருந்ததில்லை.

"ஏங்க" என்றது உள்ளேயிருந்து குரல். கூடத்தின் நடுவில் உட்கார்ந்து பேசுகிற மாதிரிக் கேட்டது. "கரண்ட் போயிடுச்சு. கழுவறது பாதியில நின்னுடுச்சு."

நாசூக்கு பிஸ்கட் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அக்கா எழுந்தார். "இரும்மா, நான் வரேன்."

"நீ வேணாம்க்கா. உனக்குப் பழக்கம் இல்ல, என் கையை இழுத்துடுவே. அவரையே வரச் சொல்லு. கட்டுப் போட்டிருந்தப்பவும் அவர்தானே தினமும் செஞ்சார்."

அக்கா நின்ற இடத்திலேயே நின்றார். கீழ் வீட்டு அம்மாளின் நன்றி யாருக்குப் போய்ச் சேர வேண்டியது என்பது அவருக்கு இப்போது விளங்கியிருக்க வேண்டும். நாசூக்கை ஒரு புது ஆளைப் பார்ப்பது போலப் பார்த்தார். சகலை அசையாத மின்விசிறியில் எதையோ ஆராய்ந்தார்.

நாசூக்குக்கு வாய் வரை ஏதேதோ வந்தது. ஒரு சின்ன வேலை, ஒரு உதவி, உள்ளே கொஞ்சம்... வாழ்நாளெல்லாம் சேர்த்து வைத்திருந்த சொற்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்து, எதுவும் சரிப்படாமல் திரும்பிப் போயின.

"ஏங்க, வரீங்களா? கால் மரத்துப்போகுது."

எழுந்தார்.

"கழுவி விட்டுட்டு வந்துடறேன்" என்றார், இருவருக்கும் கேட்கும்படியாக.

பிறகு இடது மணிக்கட்டிலிருந்து கடிகாரத்தைக் கழற்றி, "நனைஞ்சிடும், இதைக் கொஞ்சம் வெச்சிருங்கண்ணே" என்று சகலையின் உள்ளங்கையில் வைத்தார்.